அரையும் அரையும் கால் ஆகாத இடம்

வணக்கம்.

பத்துப் பேர் தற்செயலாக ஒரு வரிசையில் நிற்கிறார்கள். அவர்களில் க, ச-வுக்கு முன்னாலும் ச, த-வுக்கு முன்னாலும் வர நிகழ்தகவு என்ன? அருகருகே நிற்க வேண்டியதில்லை. க, ச-வுக்கு முன்னால் வர 1/2. ச, த-வுக்கு முன்னால் வர 1/2. பெருக்கினால் 1/4. புத்தகமோ 1/6 என்கிறது. சோதித்துப் பார்க்க, மூன்று பேரை மட்டும் வைத்து ஒரு புரோகிராம் எழுதினேன். ஒவ்வோர் இடமாகப் போய், அங்கிருப்பவரை மூன்றில் ஏதாவது ஓர் இடத்தில் இருப்பவரோடு இடம் மாற்றும். எத்தனை முறை ஓட்டினாலும் கசத என்ற வரிசை 14.8 சதவீதம்தான் வருகிறது. எது சரி?

ஒரு வாசகர்

அன்புள்ள நண்பருக்கு,

புத்தகம் சரி. உங்கள் இரண்டு 1/2-களும்கூடச் சரிதான். ஆனால் ஒன்றையொன்று சாராத நிகழ்ச்சிகளைத்தான் அப்படி நேரடியாகப் பெருக்கலாம். இவை இரண்டிலும் ச இருக்கிறார். அவர் க-வுக்குப் பின்னால் நிற்கிறார் என்று தெரிந்ததுமே அவர் வரிசையில் பின்தங்கியிருக்கும் வாய்ப்பு கூடிவிடுகிறது. த-வை முந்தும் வாய்ப்பு குறைகிறது. எழுதிப் பார்த்தால் தெரியும்: க, ச-வுக்கு முன்னால் வரும் வரிசைகள் கசத, கதச, தகச என்ற மூன்று. இவற்றில் ச, த-வுக்கு முன்னால் நிற்பது முதலாவதில் மட்டும். ஆக இங்கே பெருக்க வேண்டிய இரண்டாவது எண் 1/2 அல்ல, 1/3. இப்போது பெருக்கினால் 1/6.

மற்ற ஏழு பேர்? அவர்களை மறந்துவிடலாம். வரிசையிலிருந்து அவர்களை விலக்கினால் மிச்சமிருக்கும் மூவருக்கு ஆறு வரிசைகள்; எதற்கும் தனிச்சலுகை இல்லை. பத்துப் பேருக்குப் பதில் ஆயிரம் பேர் நின்றாலும் இதே 1/6. பத்துப் பேர் நிற்கக்கூடிய 36,28,800 விதங்களையும் எண்ணத் தொடங்குவது வீண் வேலை. எனக்கு இந்தக் கணக்கில் பிடித்ததே இதுதான்.

கேள்வி சற்று மாறினால் விடை வெகுதூரம் போய்விடும். மூவரும் இதே வரிசையில் ஒட்டி நிற்க வேண்டுமென்றால் 1/90. முதல் மூன்று இடங்களில் இதே வரிசையில் நிற்க வேண்டுமென்றால் 1/720.

அப்புறம் உங்கள் புரோகிராம். அதை எத்தனை கோடி முறை ஓட்டினாலும் 1/6 வராது. மூன்று இடங்கள், ஒவ்வொன்றிலும் மூன்று தேர்வுகள், மொத்தம் 27 வழிகள். அந்த 27-ஐ ஆறு வரிசைகளுக்குச் சமமாகப் பங்கிட முடியாது. கசத-வுக்குக் கிடைப்பது 4 வழிகள். 4/27 என்பதுதான் உங்கள் 14.8 சதவீதம். அதாவது கலைத்தலிலேயே பாரபட்சம் இருக்கிறது.

திருத்துவது எளிது. முதல் இடத்துக்கு மூவரில் யாரையும் தேர்ந்தெடுங்கள். அவரை அப்புறம் தொடவே கூடாது. இரண்டாவது இடத்துக்கு மீதி இருவரில் ஒருவர். 3 × 2 = 6 வழிகள், வரிசைக்கு ஒன்று. ஃபிஷர், யேட்ஸ் என்ற இரு புள்ளியியலாளர்கள் 1938-இல் காகிதமும் பென்சிலும் கொண்டு செய்ய இந்த முறையைத் தந்தார்கள். 1964-இல் டர்ஸ்டன்ஃபெல்ட் அதைக் கணினிக்கு ஏற்ற வடிவில் வெளியிட்டார்.

மாற்றுவதற்கு முன் ஒன்று செய்யுங்கள். பழைய புரோகிராமிலேயே ஆறு வரிசைகளையும் தனித்தனியே எண்ணவிடுங்கள். மூன்று வரிசைகள் 14.8 சதவீதத்தை ஒட்டியும், மற்ற மூன்று 18.5-ஐ ஒட்டியும் வரும்.