கேள்வி நேரம்: ஃபாஸ்பிண்டரின் அவசரம்

கே: நடிப்பு, எழுத்து, இயக்கம் மூன்றையும் ஒருவரே சுமந்தால் ஏதாவது ஒன்று படுத்துவிடாதா? ஜெர்மன் இயக்குநர் ஃபாஸ்பிண்டர் எப்படிச் சமாளித்தார்?

ப: மூன்று என்பதே குறைவான கணக்கு. ஆரம்பப் படங்களில் எடிட்டிங்கிலும் அவர் கைதான். டைட்டிலில் 'ஃப்ரான்ஸ் வால்ஷ்' என்ற புனைபெயர் வரும். 1978-ல் எடுத்த 'இன் எ இயர் வித் 13 மூன்ஸ்' படத்துக்குக் கேமராவும் அவரே.

சூட்சுமம் நாடகக் குழுவில் இருக்கிறது. பெர்லின் திரைப்படக் கல்லூரியில் இடம் கிடைக்காமல், 1967-ல் மியூனிக்கின் ஒரு சிறிய நாடக அரங்கில் சேர்ந்தார். அடுத்த ஆண்டு அது 'ஆன்டிதியேட்டர்' ஆயிற்று. அதே ஆட்கள்தான் படங்களுக்கும்: நடிக்க ஹன்னா ஷிகுல்லா, இர்ம் ஹெர்மான், இசைக்கு பீர் ராபன். யாருக்கு எது வரும் என்று தெரிந்து எழுதுபவருக்கு ஒத்திகை நாள் மிச்சம்.

'காட்செல்மாகர்' (1969) முதலில் மேடை நாடகம். படமாக எடுக்க 9 நாள் போதுமாக இருந்தது. கேமரா பெரும்பாலும் அசையாது. நடிகர்கள் சுவரோரம் வரிசையாக நிற்பார்கள். இடையிடையே இருவர் நடந்து வர, கேமரா பின்வாங்கும் ஒரே மாதிரி ஷாட். கோணம் மாற்றினால் லைட்டையும் மாற்ற வேண்டும், நேரம் போகும். பஞ்சத்துக்குப் பிடித்த வழி என்றாலும், வேலையற்று வெட்டியாய் நிற்கும் இளைஞர் கதைக்கு அந்த அசைவின்மை கச்சிதமாகப் பொருந்தியது.

கே: நடிகராக அவர் எப்படி?

ப: அழகான வேடம் தனக்கு எடுத்துக்கொள்ளாதவர். 15 நாளில் எடுத்த 'அலி: ஃபியர் ஈட்ஸ் தி சோல்' (1974) படத்தில், வெளிநாட்டுத் தொழிலாளிகளை ஏசிக்கொண்டு வீட்டில் கிடக்கும் சோம்பேறி மருமகன் அவர்தான். நாயகனாகவே வந்த 'ஃபாக்ஸ் அண்ட் ஹிஸ் ஃப்ரெண்ட்ஸ்' (1975) படத்திலோ, லாட்டரியில் கிடைத்த பணத்தைக் காதலனிடம் ஏமாந்து இழக்கும் அப்பாவி. நம் ஓட்டு இரண்டாவதற்கு.

கே: இந்த வேகத்தில் எதுவும் சொதப்பவில்லையா?

ப: சொதப்பாமலா? ஸ்பெயினின் அல்மேரியாவில் நடந்த 'வைட்டி' படப்பிடிப்பு ஒரே ரகளை. அவர் அந்த ரகளையையே 1971-ல் இன்னொரு படமாக்கினார். அதில் இயக்குநர் வேடத்தில் நடிகர் லூ காஸ்டெல். ஃபாஸ்பிண்டருக்குத் தயாரிப்பு நிர்வாகி வேடம்! நண்பர்களே குடும்பம், ஊழியர், நடிகர் எல்லாம் என்றால் சண்டையும் செட்டுக்குள்ளேயே வந்துவிடும். உடம்பும் தாங்கவில்லை. சுமார் 40 படங்களுக்குப் பிறகு, 1982 ஜூன் 10 அன்று, 37 வயதில், போதைப்பொருளும் தூக்க மாத்திரையும் சேர்ந்து உயிரைப் பறித்தன.

கே: எதிலிருந்து பார்க்கத் தொடங்கலாம்?

ப: முதல் படத்திலிருந்து வேண்டாம், அதன் நிதானம் விரட்டிவிடும். 'அலி' ஒன்றரை மணி நேரம்தான்; அது முதலில். பிறகு ஷிகுல்லாவுக்கு பெர்லின் திரைப்பட விழாவில் வெள்ளிக் கரடி விருது வாங்கித் தந்த 'தி மேரேஜ் ஆஃப் மரியா பிரவுன்' (1979). 15 மணி நேரத்துக்கும் மேல் ஓடும் 'பெர்லின் அலெக்ஸாண்டர்பிளாட்ஸ்' (1980) தொடரைக் கடைசிக்கு வைத்துக்கொள்ளுங்கள். 16 எம்.எம். பிலிமில் இருட்டாக எடுத்தது; ஒளிபரப்பானபோது டி.வி.யில் ஒன்றும் தெரியவில்லை என்று ஜெர்மானியரே புலம்பினார்கள். 2007-ல் சீரமைத்த பிரதியைத் தேடுங்கள். பார்க்கும்போது அறை விளக்கை அணைத்துவிடுங்கள்.