பொது இடத்தில் 'ஆபாசம்' என்று சட்டம் எதைச் சொல்கிறது?

இந்தியாவின் குற்றவியல் சட்டமான பாரதிய நியாய சன்ஹிதாவின் 296ஆம் பிரிவில் குற்றமாக இரண்டும் வேண்டும்: பொது இடத்தில் ஆபாசச் செயல் (பாட்டும் பேச்சும் சேரும்), அதனால் பிறருக்குத் தொல்லை. 3 மாதம் வரை சிறை அல்லது 1,000 ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும்.

எது ஆபாசம்? இன்றைய சமூக அளவுகோலைக் கொண்டு, முழுச் சூழலோடு பார்க்கச் சொன்னது உச்ச நீதிமன்றம் (2014). அது நியாயமானதே. குற்றாலத்தில் ஈரத்துண்டோடு நிற்பவரை யாரும் திரும்பிப் பார்ப்பதில்லை. அதே கோலத்தில் பேருந்தில் ஏறினால் முகம் சுளிப்பார்கள்.

இணையத்தில் ஆபாசத்தைப் பரப்பினால் தகவல் தொழில்நுட்பச் சட்டத்தின் 67ஆம் பிரிவு பாயும். அதற்குத் தொல்லையைக் காட்ட வேண்டியதில்லை. முதல் முறையே 3 ஆண்டு வரை சிறை, 5 லட்சம் ரூபாய் வரை அபராதம்.

ஆபாச வீடியோ எடுத்தவர் மட்டுமே மாட்டுவார் என்று பலர் நம்புகிறார்கள். தவறு, ஃபார்வர்டு செய்வதும் அதே பிரிவில் வரும்.