முகத்தை மங்கலாக்கினால் குழந்தையின் அடையாளம் மறைந்துவிடுமா?

கேள்வி: சோமனூர் பக்கம் குழந்தைகள் மீதான பாலியல் கொடுமையைத் தடுப்பது பற்றி 15 நிமிட ஆவணப்படம் எடுக்கிறோம். பாதிக்கப்பட்ட குழந்தையை முகம் மறைத்துப் பேச வைக்கலாமா?

வேண்டாமுங்க. குழந்தைகளைப் பாலியல் குற்றங்களிலிருந்து பாதுகாக்கும் போக்சோ சட்டத்தின் 23ஆவது பிரிவு, பெயர், படம் மட்டுமல்ல, முகவரி, குடும்ப விவரம், பள்ளி, அக்கம்பக்கம் என அடையாளம் காட்டும் எதையும் வெளியிடக் கூடாது என்கிறது. மீறினால் 6 மாதம் முதல் 1 ஆண்டு வரை சிறை, அல்லது அபராதம், அல்லது இரண்டும். குழந்தையின் நலன் கருதிச் சிறப்பு நீதிமன்றம் எழுத்தில் அனுமதித்தால்தான் விலக்கு. அப்பா அம்மா கையெழுத்துப் போட்ட தாள் இதற்குச் செல்லாது.

சட்டத்தை விடுங்க, ஊரை ஏமாற்ற முடியாது. சீருடை நிறம், திண்ணை, பின்னால் தெரியும் கோயில் கோபுரம், டவுன் பஸ் எண், இவை போதும். முதுகுப்புறமாக எடுத்தால் நடையே காட்டிக் கொடுக்கும். ‘தாய்மாமன்தான் செய்தார்’ என்று ஒரு வரி வந்தால், அந்த வளவில் யார் வீடு என்று கண்டுபிடிக்க ரொம்ப நேரம் ஆகாது. மங்கலாக்குவதும் நம்பகமில்லை: பிள்ளை சட்டென்று தலை திருப்பும்போது மறைப்பு சில பிரேம் பின்தங்கும், அங்கே நிறுத்திப் பார்த்தால் முகம் தெரியும். குரலின் சுருதியை மட்டும் ஏற்றி இறக்கினால் அதைத் திரும்பவும் மாற்றிவிடலாம். செல்போனில் எடுத்த கோப்பில் இருப்பிடம் பதிவாகியிருக்கக்கூடும், அதையும் நீக்க வேண்டும்.

மாற்று வழி, 18 வயது தாண்டி, தானாகப் பேச முன்வருபவர். அவர் சொன்னதை எழுதி, வேறொரு கலைஞரைப் படிக்க வையுங்கள். திரையில் கைகள், ஓவியம், பொம்மை போதும். காட்சிகளை அந்தியூர் மாதிரி வேறு ஊரில் எடுங்கள். சம்மதம் இரண்டு முறை: பதிவுக்கு முன் ஒன்று, முதல் தொகுப்பைக் காட்டிய பின் இன்னொன்று. வேண்டாமென்றால் எடுத்ததை அழித்துவிட வேண்டும்.

‘என்ன நடந்தது’ என்று கேட்காதீர்கள். ‘யாரிடம் முதலில் சொன்னீர்கள், அவர் என்ன பதில் சொன்னார்’ என்று கேளுங்கள். பார்க்கிற பெற்றோருக்குப் பயன்படுவது அந்தப் பதில்தான். பையன்களையும் விட்டுவிடாதீர்கள். மத்திய மகளிர், குழந்தைகள் மேம்பாட்டு அமைச்சகத்தின் 2007 ஆய்வில், பாலியல் கொடுமைக்கு ஆளானதாகச் சொன்னவர்களில் பாதிக்கு மேல் ஆண் குழந்தைகள். நம் படங்களில் பாவாடை சட்டைப் பிள்ளை மட்டுமே வருவது பெரிய குறை.

படப்பிடிப்பில் ஒரு குழந்தை தனக்கு நடந்த கொடுமையை வாய் திறந்து சொல்லிவிட்டால் கேமராவை நிறுத்துங்கள். போக்சோவின் 19ஆவது பிரிவின்படி காவல்துறைக்குத் தெரிவிப்பது கட்டாயம், மறைத்தால் 21ஆவது பிரிவில் தண்டனை. அதனால் ‘யாரிடமும் சொல்ல மாட்டேன்’ என்று எந்தக் குழந்தைக்கும் வாக்குக் கொடுக்காதீர்கள்.

1098 என்ற குழந்தைகள் உதவி எண்ணைக் கடைசி அட்டையில் மட்டும் போடாதீர்கள், பெயர்ப் பட்டியல் ஓட ஆரம்பித்ததும் கூட்டம் எழுந்துவிடும். நடுவிலேயே ஒருமுறை 5 வினாடி நிறுத்திக் காட்டுங்கள். திரையிடும் நாளில் மாவட்டக் குழந்தைகள் பாதுகாப்பு அலகிலிருந்து ஒருவரை வரச் சொல்லுங்கள். படம் முடிந்ததும் ஏதாவது ஒரு பிள்ளை தயங்கித் தயங்கி வந்து நிற்கக்கூடும்.