நீதிபதியும் சர்க்கஸ்காரரும்

அன்புள்ள ஐயா,

அமெரிக்க இயக்குநர் டி.டபிள்யூ. கிரிஃபித்தின் ‘சாலி ஆஃப் தி சாடஸ்ட்’ (1925) என்ற மௌனப்படம் பார்த்தேன். சர்க்கஸ்காரனைக் கல்யாணம் செய்துகொண்ட மகளைத் தலைமுழுகிய நீதிபதி, சர்க்கஸில் வளர்ந்த பேத்தி சாலியைக் கடைசியில் சேர்த்துக்கொள்கிறார். அதுவும் தன் ரத்தம் என்று தெரிந்த பிறகு. அப்படியென்றால் படமும் குடும்ப கௌரவத்தின் பக்கம்தானே? இவ்வளவு நேரம் எதற்குச் சிரித்தோம் என்று இருந்தது.

வாசகர், கோவை

அன்புள்ள நண்பருக்கு,

கதை அந்தப் பக்கம்தான், சந்தேகமே இல்லை. சாலி யாரோ பெற்ற பெண்ணாக இருந்திருந்தால் அவளை விசாரிக்கும் அந்த நீதிபதியின் கோர்ட்டிலிருந்து தண்டனையோடுதான் வெளியே வந்திருப்பாள். ஆனால் நீதிபதியின் மனைவியை விட்டுவிட்டீர்களே! உறவு தெரியாமலேயே அந்த அம்மாளுக்குச் சாலியின்மேல் ஒட்டுதல் வந்துவிடுகிறது.

அப்புறம், மெக்கார்கிள் என்ற சர்க்கஸ்காரராக வரும் நகைச்சுவை நடிகர் டபிள்யூ.சி. ஃபீல்ட்ஸ். தாயில்லாத குழந்தையை வளர்த்து ஆளாக்கும் மெக்கார்கிள் ஒரு சூதாட்டப் பேர்வழி, வாயைத் திறந்தால் பொய். இருந்தாலும் படத்தில் தகப்பன் என்று சொல்லத்தக்கவர் அவர் ஒருவர்தான். இதற்கு மூலமான, டோரத்தி டானலி எழுதிய ‘பாப்பி’ இசைநாடகத்தில் 1923-இல் நியூயார்க்கின் பிராட்வே மேடையில் இதே வேஷம் கட்டியவர் ஃபீல்ட்ஸ். அதற்கும் முன்பு ஊர் ஊராகப் போய்ப் பந்து வீசிப் பிடிக்கும் வித்தை காட்டிப் பிழைத்தவர். படத்திலும் அந்த வித்தையைக் கொஞ்சம் காட்டுகிறார். கிரிஃபித் கேமராவை அவர்மேல் இன்னும் கொஞ்ச நேரம் வைத்திருக்கலாம். சாலியாக வரும் கரோல் டெம்ப்ஸ்டரின் துள்ளல் எனக்குச் சீக்கிரமே அலுத்துவிட்டது.

கிரிஃபித்தும் நாடகக்காரர்தான். மேடையில் பல வருஷம் லாரன்ஸ் கிரிஃபித் என்ற பெயரில் நடித்தார், சொந்தப் பெயரைத் தனியாக எடுத்துவைத்துவிட்டு. அவருக்கு நீதிபதியின் கூச்சமும் தெரியும், சர்க்கஸ்காரரின் பிழைப்பும் தெரியும். அழவைக்கும் இடங்களில் நீதிபதி ஜெயிக்கிறார், சிரிக்கவைக்கும் இடங்களில் மெக்கார்கிள். கடைசியில் மெக்கார்கிளுக்கும் ஊர் மதிக்கும் தொழில் ஒன்று அமைகிறதே, கவனித்தீர்களா? ரியல் எஸ்டேட்! ஆள் துளியும் மாறவில்லை. அதே பேச்சு, அதே சாமர்த்தியம், இப்போது கௌரவமாக. உங்கள் கேள்விக்குப் படம் கொடுக்கும் பதில் எனக்கு அங்கேதான் தெரிகிறது.

1936-இல் ‘பாப்பி’ பேசும்படமாகவும் வந்தது. அதிலும் ஃபீல்ட்ஸ்தான். அப்போது அவருக்கு உடம்பு சரியில்லை. ஆனாலும் அந்தக் குரலுக்காக அதையும் ஒருமுறை பாருங்கள்.