அமெரிக்க அதிபர் கார்ஃபீல்டைக் கொன்றது குண்டா, மருத்துவர்களா?

பெரும்பங்கு மருத்துவர்களுடையது என்றே நான் நினைக்கிறேன்.

ஜேம்ஸ் கார்ஃபீல்ட் ஒஹாயோவில் ஒரு மரக்குடிசையில் 1831-ல் பிறந்தவர். இரண்டு வயதுகூட ஆகாதபோது அப்பா இறந்துவிட்டார். கால்வாய்ப் படகில் வேலை பார்த்து, படித்து, ஆசிரியராகி, உள்நாட்டுப் போரில் தளபதியாக இருந்து, 1881 மார்ச்சில் அதிபரானார். நான்கே மாதத்தில், ஜூலை 2 அன்று, வாஷிங்டன் ரயில் நிலையத்தில் சார்லஸ் கிட்டோ அவரைச் சுட்டான். பாரிஸ் தூதரகப் பதவி கேட்டுக் கிடைக்காத கோபம் அவனுக்கு.

முதுகில் பாய்ந்த குண்டு தண்டுவடத்தைத் தொடவில்லை. ஆனால் மருத்துவர்கள் கழுவாத விரலையும் கருவிகளையும் காயத்துக்குள் விட்டு மறுபடி மறுபடி குண்டைத் தேடினார்கள். கிருமிநாசினி முறையை பிரிட்டிஷ் அறுவை மருத்துவர் லிஸ்டர் 1867-லேயே வெளியிட்டிருந்தார் என்பதுதான் மனதை அறுக்கிறது. தொலைபேசி கண்ட கிரகாம் பெல்கூட உலோகம் கண்டறியும் கருவியோடு வந்தார். தலைமை மருத்துவர் பிளிஸ் வலப்பக்கம் மட்டுமே தேட விட்டார். குண்டு இருந்தது இடப்பக்கம்!

சீழ் பிடித்து, உடல் மெலிந்து, 79 நாள் வேதனைப்பட்டு செப்டம்பர் 19-ல் இறந்தார். வயது 49. அப்புறம் 1882-ல் கிட்டோவைத் தூக்கிலிட்டார்கள். இந்தக் கொலையின் தாக்கத்தால் அடுத்த ஆண்டு, சிபாரிசுக்குப் பதிலாகத் தகுதித் தேர்வு மூலம் அரசு வேலை தரும் பெண்டில்டன் சட்டம் வந்தது.