டென்னிங் பிரபு: கேள்விகளும் பதில்களும்

ஆங்கிலேய நீதிபதி டென்னிங் (1899–1999) பற்றி நீங்கள் அனுப்பிய கேள்விகளை வரிசையாக எடுத்துக்கொள்கிறேன். சட்டம் படிக்கும் பிள்ளைகளிடமிருந்துதான் அதிகம் வந்திருக்கின்றன.

அவர் முதலில் கணக்கு வாத்தியார் என்பது உண்மையா?

உண்மைதான். ஹாம்ப்ஷயரில் விட்சர்ச் என்ற சிற்றூரில் துணிக்கடைக்காரர் மகன். ஆக்ஸ்போர்டில் கணிதத்தில் முதல் வகுப்பு. நடுவில் முதல் உலகப் போருக்குப் போய், ராணுவப் பொறியாளர் படையில் பிரான்ஸில் பாலம் கட்டியவர். அந்தப் போர்க்காலத்தில் அண்ணன்கள் இருவரைக் குடும்பம் இழந்தது. அப்புறம் வின்செஸ்டர் பள்ளியில் கணக்கு சொல்லிக்கொடுத்தார். அங்கே கோட்டையில் நடந்த நீதிமன்ற விசாரணையைப் பார்க்கப் போனவருக்கு வழக்கறிஞராகும் ஆசை வந்தது. திரும்பவும் ஆக்ஸ்போர்டு போய்ச் சட்டம் படித்து, 1923-ல் வழக்கறிஞரானார். 1944-ல் நீதிபதி.

ஹை ட்ரீஸ் வழக்கு தேர்வுக்கு வருகிறது. புரியும்படி சொல்லுங்கள்.

லண்டனில் ஓர் அடுக்குமாடிக் கட்டடம். 1937-ல் 99 ஆண்டுக் குத்தகை, ஆண்டுக்கு 2,500 பவுண்டு. போர் வந்ததும் குடியிருக்க ஆள் இல்லை. குத்தகைக்காரரால் கட்ட முடியாது என்று தெரிந்து, சொந்தக்காரர் 1940-ல் பாதித் தொகை போதும் என்று எழுதிக்கொடுத்தார். 1945-ல் வீடுகள் நிரம்பிவிட்டன. இனி முழுத் தொகை வேண்டும் என்று வழக்கு.

போர்க்கால நிலைமை தீர்ந்தபின் முழுத் தொகை கேட்கலாம் என்றார் டென்னிங். அந்த வழக்குக்கு அது போதும். ஆனால் அதோடு விடவில்லை. போர்க்கால ஆண்டுகளின் பாக்கியைக் கேட்டிருந்தால் கிடைத்திருக்காது என்றும் சொன்னார். தள்ளுபடிக்கு ஈடாகச் சொந்தக்காரர் எதுவும் வாங்கவில்லைதான். பழைய விதிப்படி அந்த வாக்கு அவரைக் கட்டாது. ஆனாலும் அதை நம்பி ஒருவர் நடந்துகொண்ட பிறகு பேச்சு மாறக் கூடாது என்பது டென்னிங்கின் நிலை. பிராமிசரி எஸ்டாப்பல் என்று நீங்கள் படிப்பது இதைத்தான். நம் உச்ச நீதிமன்றத்தில் மோதிலால் பதம்பத் சர்க்கரை ஆலை வழக்கில் நீதிபதி பகவதி இதை விரிவாக எடுத்துப் பேசியிருக்கிறார். இரண்டையும் சேர்த்து எழுதினால் மதிப்பெண் உறுதி.

உச்ச பதவிக்குப் போனவர் ஏன் கீழே இறங்கி வந்தார்?

1957-ல், அன்று நாட்டின் உச்ச நீதிமன்றமாகவும் இருந்த பிரபுக்கள் சபையின் நீதிபதியானார். அங்கே ஐந்து பேர் உட்காருவார்கள். இவர் அடிக்கடி தனியாக நின்றார். 1962-ல் மேல்முறையீட்டு நீதிமன்றத்துக்கு மாஸ்டர் ஆஃப் தி ரோல்ஸ் என்ற தலைமைப் பதவியில் வந்துவிட்டார். அங்கே மூன்று பேர் அமர்வு. பெரும்பாலான வழக்குகள் அதற்கு மேலே போவதும் இல்லை. நாட்டின் சட்டத்தை உருவாக்க அதுவே சரியான நாற்காலி. இருபது ஆண்டு அதில் இருந்தார்.

அவர் நடையை ஏன் இப்படிப் புகழ்கிறார்கள்?

1970-ல் ஒரு மேல்முறையீட்டுத் தீர்ப்பு. விபத்து நடந்த தேதியைச் சொல்லிவிட்டு, கென்ட் மாவட்டத்தில் அது நீலமணிப் பூக்கள் பூக்கும் காலம் என்று தொடங்குகிறார். வேனை ஓரமாக நிறுத்தி, கணவர் பின்பக்கம் தேநீர் போட்டுக்கொண்டிருக்கிறார். மனைவி மூன்று வயதுக் குழந்தையோடு சாலையைக் கடந்து பூப் பறிக்கப் போயிருக்கிறார். டயர் வெடித்த ஒரு ஜாகுவார் கார் வந்து கணவர்மீதும் குழந்தைகள்மீதும் மோதுகிறது. கணவர் இறந்துபோகிறார். எல்லாம் சின்னச் சின்ன வாக்கியங்கள். அந்தப் பெண்ணின் மன அதிர்ச்சிக்குத் தந்த 4,000 பவுண்டு அதிகமா என்பதுதான் கேள்வி. குறைக்க மறுத்தார்கள். முதல் பத்தி முடியும்போதே நமக்கும் அது நியாயமாகப் படுகிறது. அவருடைய பலம் அது, ஆபத்தும் அதுவே. கதையை அவர் சொல்லும் விதத்திலேயே யார் ஜெயிப்பார் என்று தெரிந்துவிடும்.

பர்மிங்ஹாம் ஆறு பேர் விஷயத்தில் அவர் செய்தது சரியா?

இல்லை. அவரை எவ்வளவு மதித்தாலும் இதற்குச் சமாதானம் சொல்ல மாட்டேன். 1974 பர்மிங்ஹாம் குண்டுவெடிப்பில் 21 பேர் இறந்தார்கள். ஆறு பேருக்கு ஆயுள் தண்டனை. காவலில் தங்களை அடித்தார்கள் என்று போலீஸ்மீது அவர்கள் வழக்குப் போட்டார்கள். 1980-ல் டென்னிங் அதைத் தொடர விடவில்லை. அவர்கள் ஜெயித்தால் போலீஸ் அடித்தது, பொய்ச் சாட்சி சொன்னது, தண்டனையே தவறு என்றெல்லாம் ஆகிவிடும். அது திகிலூட்டும் காட்சி, ஆகவே வழக்கு மேலே போகக் கூடாது என்பது அவர் வாதம். விளைவு பயங்கரம் என்பதற்காக உண்மையை விசாரிக்காமல் விடலாமா? 1991-ல் தண்டனைகள் ரத்தாயின. அதற்குள் பதினாறு ஆண்டு சிறை.

ஏமாற்றப்பட்ட தனிமனிதருக்காகச் சட்டத்தை வளைக்கத் தயங்காதவர், எதிரே போலீஸும் அரசும் நின்றால் அவர்கள் பக்கம் சாய்ந்தார். தான் பிறந்து வளர்ந்த இங்கிலாந்து அடிப்படையில் நேர்மையானது என்ற நம்பிக்கையிலிருந்துதான் இரண்டும் வந்தன என்று நினைக்கிறேன்.

ஓய்வு பெற்றது சர்ச்சையில்தானே?

ஆம். 1982-ல் வந்த அவருடைய புத்தகத்தில், கறுப்பினத்தவர் சிலர் ஜூரியாக இருக்கத் தகுதியற்றவர்கள் என்ற பொருளில் எழுதியிருந்தார். அதில் அவர் குறிப்பிட்ட ஒரு வழக்கின் ஜூரி உறுப்பினர்கள் அவர்மீது வழக்குத் தொடுப்போம் என்றார்கள். மன்னிப்புக் கேட்டார், ஓய்வையும் அறிவித்தார். வயது 83. நீதிபதிகளுக்கு 75 வயது வரம்பு வருவதற்கு முன்பே நியமிக்கப்பட்டவர் என்பதால்தான் அவ்வளவு காலம் இருக்க முடிந்தது.

எதிலிருந்து படிக்கத் தொடங்கலாம்?

ஹை ட்ரீஸ் சில பக்கங்கள்தான், முதலில் அது. அடுத்து 1951 கேண்ட்லர் வழக்கில் அவர் எழுதிய மாறுபட்ட தீர்ப்பு. கணக்காளர் கவனமில்லாமல் தயாரித்த கணக்கை நம்பி ஒருவர் 2,000 பவுண்டு போட்டு இழந்தார். மற்ற இரு நீதிபதிகள் கைவிரித்தார்கள். டென்னிங் மட்டும் கணக்காளர் பொறுப்பு என்றார். 1963-ல் ஹெட்லி பைர்ன் வழக்கில் பிரபுக்கள் சபை அவர் பக்கம் வந்தது. பிறகு பர்மிங்ஹாம் ஆறு பேர் பற்றிய 1980 தீர்ப்பையும் கட்டாயம் படியுங்கள்.