முடிவைக் காணாத ஐந்து ஆட்டங்கள்

கேள்வி: நாங்கள் நால்வர், நெடுநாள் நண்பர்கள். வேலையின் பொருட்டு நான்கு ஊர்களுக்குப் பிரிந்துவிட்டோம். ஞாயிறு இரவுகளில் மூன்று மணி நேரம் ஒதுக்கி, ஆளுக்கொரு நாட்டை வளர்த்தெடுக்கும் ‘சிவிலைசேஷன் 6’ என்ற கணினி விளையாட்டை இணையம் வழியாகச் சேர்ந்து ஆடுகிறோம். இதுவரை ஐந்து ஆட்டங்களைத் தொடங்கியிருக்கிறோம், ஒன்றைக்கூட முடித்ததில்லை. ஒருவர் தம் முறை வந்தால் பத்து நிமிடம் யோசிக்கிறார். இன்னொருவர் தோல்வி தெரியத் தொடங்கியதும் ஏதாவது வேலை சொல்லிக் கழன்றுகொள்கிறார். சிறிய ஆட்டங்களோடு நிறுத்திக்கொள்வோம் என்கிறார் மூன்றாமவர். எனக்கோ ஆதிகாலத்தில் தொடங்கி விண்வெளி வரை ஒரே ஒரு முறையாவது முழுதாக ஆடிப் பார்த்துவிட வேண்டும் என்று ஆசை. இதற்கு வழி உண்டா?

பதில்: வழி உண்டு. ஆனால் நண்பர்களின் குணத்தை ஆராய்வதற்கு முன்னால் ஒரு சிறு கணக்கைப் போட்டுப் பார்த்துவிடுவோம். எந்த வேகத்தில் ஆடுகிறீர்கள் என்பதை நீங்கள் எழுதவில்லை. முழுச் சிக்கலும் அங்கேதான் தொடங்குகிறது என்று எனக்குத் தோன்றுகிறது. இந்த விளையாட்டில் ‘ஆன்லைன்’ வேகத்துக்கு 250 முறைகள், ‘ஸ்டாண்டர்ட்’ வேகத்துக்கு 500, ‘மாரத்தான்’ வேகத்துக்கு 1,500 என்று வரம்பு வைத்திருக்கிறார்கள். நால்வரும் ஒரு சுற்று ஆடி முடிப்பதே இங்கே ஒரு முறை. வரம்பை எட்டுமுன்பே யாராவது வென்றுவிடலாம் என்றாலும், திட்டமிடும்போது வரம்பையே கணக்கில் கொள்வது நல்லது. ஒரு முறைக்குச் சராசரியாக 2 நிமிடம் என்று வைத்தால் 250 முறைகளுக்கு 500 நிமிடங்கள், அதாவது எட்டு மணி நேரத்துக்குச் சற்று மேல். உங்களுக்கு மூன்று ஞாயிறுகள் போதும். அதே நால்வர் ஸ்டாண்டர்ட் வேகத்தில், முறைக்கு 4 நிமிடம் எடுத்து ஆடினால் 2,000 நிமிடங்கள் ஆகும். பன்னிரண்டு ஞாயிறுகள் தொடர்ந்து ஒருவரும் தவறாமல் வந்தாக வேண்டும். வளர்ந்த மனிதர்கள் நால்வருக்கு அப்படி மூன்று மாதங்கள் அமைவது அபூர்வம்.

இந்தச் சராசரியிலும் ஓர் ஏமாற்று இருக்கிறது. தொடக்கத்தில் உங்களிடம் இருப்பது ஒரு குடியேறியும் ஒரு போர்வீரனும்தான். ஆகவே முதல் ஐம்பது முறைகள் ஒரு மணி நேரத்திலேயே ஓடிவிடும். பத்து நகரங்களும் இருபது படைகளும் வணிகப் பாதைகளும் சேர்ந்த பிறகு, அதே ஐம்பது முறைகள் ஒரு ஞாயிறு முழுவதையும் விழுங்கும். முதல் இரவின் வேகத்தைப் பார்த்து நம்பிக்கை வளர்த்தவர்கள் நடுப்பகுதியில் சோர்ந்துபோவது இதனால்தான். உங்கள் ஐந்து ஆட்டங்களும் எந்த இடத்தில் நின்றன என்று நினைத்துப் பாருங்கள். ஏறத்தாழ ஒரே கட்டத்தில் நின்றிருக்கும் என்று ஊகிக்கிறேன்.

அடுத்தது காத்திருப்பு. ஒருவர் பின் ஒருவராக முறை எடுத்தால், நால்வர் ஆட்டத்தில் நீங்கள் முக்கால் பங்கு நேரம் பிறர் ஆடுவதைப் பார்த்துக்கொண்டு சும்மா இருக்கிறீர்கள். எல்லோரும் ஒரே நேரத்தில் ஆடினால் இந்தச் சும்மா இருத்தல் பெருமளவு குறையும். அப்போது மிக மெதுவானவரின் வேகமே ஆட்டத்தின் வேகமாகிவிடும். ஒரே நேர ஆட்டத்தில் வேறொரு தீங்கும் உண்டு. போர் மூண்டுவிட்டால் யோசனையைவிட விரல்வேகம் பெரிதாகிவிடுகிறது. ஒரு முறை முடியும் தறுவாயில் தம் படையை நகர்த்திவிட்டு, அடுத்த முறை தொடங்கிய கணமே மறுபடியும் நகர்த்தி, எதிரி கண்ணை மூடித் திறப்பதற்குள் இரண்டு அடி அடித்துவிடுகிறவர்கள் உண்டு. இந்த விளையாட்டின் நான்காம் பதிப்பில், ஆட்டத்தை ஒரு சர்வரில் மாதக்கணக்கில் ஓடவிட்டு, அவரவர் வசதிப்படி நுழைந்து ஆடும் ‘பிட்பாஸ்’ முறை இருந்தது. அதை ஆடியவர்கள் இந்த இரட்டை நகர்வுக்குத் தாங்களே ஒரு தீர்வு கண்டார்கள்: போர் தொடங்கிவிட்டால் ஒரு முறையின் முதல் பாதி ஒரு தரப்புக்கு, மறு பாதி மற்றத் தரப்புக்கு, போர் முடியும்வரை இந்த வரிசை மாறக்கூடாது. விளையாட்டு இதைக் கட்டாயப்படுத்தவில்லை. ஆடுபவர்களின் வாக்குதான் காவல். ஆறாம் பதிப்பில் உள்ள ‘டைனமிக்’ முறை இந்தத் தொல்லையை உங்களுக்கு மிச்சப்படுத்தும். அமைதிக்காலத்தில் எல்லோரும் ஒரே நேரத்தில் ஆட, ஒருவரோடொருவர் போரிடுகிறவர்கள் மட்டும் முறை வைத்து ஆடுவார்கள். உங்களுக்கு அதையே பரிந்துரைப்பேன்.

இனி, பத்து நிமிடம் யோசிக்கும் நண்பர். அவர்மீது எனக்குக் குறையில்லை. இவ்வகை விளையாட்டு யோசிப்பவர்களுக்காகவே உண்டானது. அவருக்கு வேண்டியது கண்டிப்பு அல்ல, கடிகாரம். ஒவ்வொரு முறைக்கும் இத்தனை நொடி என்று ஒரே அளவில் வைக்கும் கடிகாரம் தொடக்கத்தில் தேவைக்கு மேலாகவும் பின்னால் போதாமலும் இருக்கும். சதுரங்க வீரர் பாபி ஃபிஷர் 1980களின் இறுதியில் காப்புரிமை பெற்ற கடிகாரத்தில், ஒவ்வொரு நகர்வுக்கும் சிறிது நேரம் கூடுதலாகக் கிடைக்கும். சேமித்த நேரம் கையிருப்பாக நிற்கும். அந்தக் கருத்தை நீங்கள் கைக்கணக்காகவே பின்பற்றலாம். சாதாரண முறைக்கு 2 நிமிடம், அதோடு ஓர் இரவுக்கு ஒவ்வொருவருக்கும் 15 நிமிடம் கையிருப்பு. முக்கியமான போர், பெரிய ஒப்பந்தம் என்று வரும்போது அவர் அந்தக் கையிருப்பிலிருந்து செலவழிக்கட்டும். எங்கே யோசிப்பது என்பதையும் அவர் யோசிக்க வேண்டிவரும். அவருக்கு அதுவும் பிடித்துப்போகலாம்.

சேர்ந்து உட்காரவே வேண்டாம், அவரவர் நேரத்தில் ஆடுவோம் என்ற யோசனையும் உங்களிடையே எழும். அதற்கு நீண்ட மரபு உண்டு. அஞ்சல் சதுரங்கத்துக்கென்று இன்று இருக்கும் உலகக் கூட்டமைப்பு 1951இல் உருவானது. ஆலன் கால்ஹாமர் 1959இல் வெளியிட்ட ‘டிப்ளமசி’ பலகை விளையாட்டை 1963 முதல் அஞ்சலில் ஆடத் தொடங்கினார்கள். ஏழு வல்லரசுகளும் தங்கள் ஆணைகளை இரகசியமாக எழுதி அனுப்ப, நடுவர் அவற்றை ஒன்றாகப் பிரித்துத் தீர்த்துவைப்பார். ஆகவே முந்தியவர், பிந்தியவர் என்ற பேச்சே எழவில்லை. கணினியில் ‘டொமினியன்ஸ்’ வரிசை விளையாட்டுகள் இன்றும் இதே வழியில் நடக்கின்றன. உங்கள் விளையாட்டில் ‘பிளே பை கிளவுட்’ என்று ஒரு வசதி இருக்கிறது. ஒருவர் முறையை முடித்ததும் அடுத்தவருக்கு அறிவிப்புப் போகும். ஆனால் அதற்கும் கணக்குப் போடுங்கள். நால்வரும் தினம் ஒரு முறை ஆடி முடித்தால் 250 முறைகளுக்கு 250 நாட்கள். ஒவ்வொருவரும் தம் முறைக்கு ஒரு நாள் எடுத்துக்கொண்டால் 1,000 நாட்கள், அதாவது இரண்டே முக்கால் ஆண்டு. நால்வருக்கு இது வேண்டாம் என்பதே என் எண்ணம். பத்து நிமிட நண்பரும் நீங்களும் மட்டும், தனியாக ஒரு சிறிய வரைபடத்தில் இப்படி ஓர் ஆட்டம் வைத்துக்கொண்டால் அவர் மகிழ்ச்சியாக இருப்பார். ஞாயிற்றுக்கிழமையின் பொறுமையும் காக்கப்படும்.

கழன்றுகொள்ளும் நண்பரைப் பற்றித்தான் நான் அதிகம் யோசித்தேன். இவ்வகை விளையாட்டுகளில் முன்னிலை தானாகவே வளர்கிறது. முன்கூட்டி ஒரு நகரம் கூடுதலாக அமைத்தவருக்கு உற்பத்தி கூடும், அந்த உற்பத்தி அடுத்த நகரத்தைத் தரும், ஆய்வு முந்தும், முந்திய ஆய்வு முந்திய ஆயுதத்தைத் தரும். பல ஆட்டங்களில் நூறாவது முறையிலேயே வெல்லப்போகிறவர் யார் என்று தெரிந்துவிடும். மீதமுள்ள 150 முறைகளும் தோற்பவருக்கு ஒரு தண்டனை. ஆக, பாதியில் எழுந்து போனது அவர் தவறுதான் என்றாலும், போவதற்கு மதிப்பான ஒரு வாசலை நீங்களும் அவருக்குத் திறந்து வைக்கவில்லை. சதுரங்கத்தில் தேர்ந்தவர்கள் ஆட்டத்தை ராஜா விழும்வரை இழுப்பது குறைவு. நிலை தெளிந்ததும் கைகொடுத்து எழுந்துவிடுவார்கள், அந்த ஆட்டம் முடிந்த ஆட்டமாகவே எழுதப்படும். டிப்ளமசியிலும் எஞ்சியவர்கள் எல்லோரும் ஒப்புக்கொண்டால் சமநிலையாக முடித்துக்கொள்ள விதி இடம் தருகிறது. நீங்களும் ஒரு விதி வையுங்கள்: முன்னணியில் இருப்பவரைத் தவிர மற்ற மூவரும் ஒப்புக்கொண்டால் அந்த இடத்திலேயே வெற்றியை அறிவித்துவிடலாம். உங்கள் விண்வெளி ஆசைக்கு இது குறுக்கே வருமே என்று நீங்கள் வருந்தலாம். வரும்தான். ஆனால் ஒப்புக்கொண்டு முடிந்த ஒன்றிரண்டு ஆட்டங்கள் கையில் இருந்தால்தான், கடைசிவரை போட்டி நிலைக்கும் ஓர் ஆட்டம் அமையும்போது நால்வரும் உட்கார்ந்திருப்பார்கள்.

அதைவிட நல்ல வழி, இருவர் இருவராக அணி சேர்வது. அணியில் பின்தங்கியவருக்கும் வேலை இருக்கும். கூட்டாளி ஆய்வில் ஓட, இவர் எல்லையைக் காக்கலாம்; பணம் சேர்த்துக் கொடுக்கலாம். கழன்றுகொள்ளும் நண்பரை உங்கள் அணியிலேயே சேர்த்துக்கொள்ளுங்கள். அப்படியும் ஒருவர் இடையில் போக நேர்ந்தால் அவருடைய நாட்டைக் கணினி ஏற்று நடத்தும். அதில் ஓர் அநீதி ஒளிந்திருக்கிறது. கணினி நடத்தும் நாடு அண்டை நாட்டுக்காரருக்கு இலவசமாகக் கிடைத்த விருந்து போன்றது. ஆட்டத்தின் முடிவையே அது மாற்றிவிடும். அப்படிப்பட்ட நாட்டை அடுத்த பத்து முறைகளுக்கு யாரும் தாக்கக்கூடாது என்று முன்பே பேசிவையுங்கள். அஞ்சல் டிப்ளமசியில் இதற்கென்றே மாற்று ஆட்டக்காரர்களைத் தயாராக வைத்திருந்தார்கள். ஐந்தாவதாக ஒரு நண்பர் இருந்தால் உங்களுக்கும் அது கூடும்.

தொழில்நுட்ப விஷயங்கள் அதிகம் இல்லை. எல்லோரிடமும் ஒரே பதிப்பும் ஒரே கூடுதல் தொகுப்புகளும் இருக்க வேண்டும். இத்தகைய விளையாட்டில் ஒவ்வொருவர் கணினியும் அதே ஆட்டத்தைத் தனித்தனியே கணக்கிடுகிறது. கணக்கில் ஓர் எண் பிசகினாலும் ஆட்டங்கள் ஒன்றோடொன்று ஒத்துப்போகாமல் விலகிவிடும். ஆட்டம் நடக்கும் வாரங்களில் மோட் (விளையாட்டை மாற்றியமைக்கப் பிறர் செய்த சேர்ப்பு) எதையும் புதிதாகச் சேர்க்காதீர்கள். ஒரு முறை முழுதாக முடிந்த இடத்திலேயே நிறுத்துங்கள், சேமித்த கோப்பை இருவர் வைத்திருங்கள்.

இன்னொன்று, அனுபவத்தில் கற்றது. நிறுத்தும்போது ஒவ்வொருவரும் மூன்று வரி எழுதிவைத்துக்கொள்ள வேண்டும்: எந்தப் படை எங்கே போகிறது, யாரோடு என்ன பேசியிருக்கிறது, அடுத்த ஆய்வு எது. ஒரு முறை மூன்று வார இடைவெளிக்குப் பிறகு திரும்பி வந்து பார்த்தபோது, என் கப்பற்படை நட்பு நாடு ஒன்றின் கரையோரம் நின்றுகொண்டிருந்தது. எதற்காக அங்கே அனுப்பினேன் என்பது நினைவில்லை. வீணாக நிற்கிறதே என்று சொந்தத் துறைமுகத்துக்குத் திருப்பிவிட்டேன். அந்த நகரைக் காப்பதாக வாக்குக் கொடுத்திருந்தேன் என்பது அது வீழ்ந்த பிறகுதான் தெரிந்தது. நான் துரோகம் செய்யவில்லை, மறந்துதான் போனேன் என்பதை அந்த நண்பர் இன்றுவரை முழுதாக நம்பவில்லை.

ஆகவே ஆறாவது ஆட்டத்தை ஆன்லைன் வேகத்தில், சிறிய வரைபடத்தில், இரண்டு அணிகளாகத் தொடங்குங்கள். நான்கு ஞாயிறுகளைத் தேதியோடு குறித்துக்கொள்ளுங்கள். ஐந்தாவதை யாருக்காவது அவசரம் வந்தால் பயன்படுத்திக்கொள்ள ஒதுக்கி வையுங்கள். கையிருப்பு நிமிடங்கள், வெற்றியை ஒப்புக்கொள்ளும் விதி, இடையில் போகிறவரின் நாட்டுக்கான பாதுகாப்பு ஆகியவற்றை முதல் நகரை அமைக்கும் முன்பே எழுத்தில் வைத்துவிடுங்கள். தோற்கத் தொடங்கிய பிறகு பேசப்படும் விதி எதுவும் விதியாகத் தோன்றாது. ஆட்டம் எந்த முறையில் நின்றது என்று எனக்கு எழுதுங்கள். பத்து நிமிடக்காரர் வென்றிருந்தால் அவசியம் எழுதுங்கள்.